அண்ணா எண்ட சொல்

எழும்பாதேங்கோ தம்பி. இருங்கோ. போட்டினம். பொலிசுகாரர் ரெயின்ரை அடுத்த பெட்டிக்குப் போயிட்டினம். இனித் திரும்பி வரமாட்டினம், சுவிஸ் எல்லை, பாசல் ஸ்ரேசன் வந்திடும்.

பேப்பர் எல்லாம் சரியாத்தானே வைச்சிருக்கிறீங்கள்? பிறகேன் திரும்பத் திரும்ப எடுத்து எண்ணுறீங்கள்? குறை சொல்லேல்லை. நான் இஞ்சை வந்து முப்பது வருசத்துக்கு மேலை. சிவப்புச் சுவிஸ் பாஸ்போட்டும் கையிலை இருக்கு. இண்டைக்கும் உந்த உடுப்பைக் கண்டால் சட்டைப் பையைத் தடவி அது இருக்கோ எண்டு பாப்பன்.

கவனிச்சனீங்களோ, ரெண்டு உடுப்பு. முன்னாலை வந்தவன் சுவிஸ். பின்னாலை வந்த பொம்பிளை ஜெர்மன். முந்தி அப்பிடி இல்லை. எல்லைக்கு இஞ்சாலை இவை, அங்காலை அவை. ஒருத்தருக்குத் தெரிஞ்சது மற்றவருக்குத் தெரியாது. எங்கட சனம் பாதிப் பேர் அந்த இடைவெளிக்குள்ளாலைதான் புகுந்து வந்தது. இப்ப ஒப்பந்தம் போட்டிட்டினம். ஒண்டாச் சேர்ந்து ரெயினிலை ஏறுகினம், ஒண்டா இருந்து விசாரிக்கினம். நீங்கள் அங்கை ஒரு கதை சொன்னால், அது உங்களுக்கு முன்னமே இஞ்சை வந்து கதிரை போட்டு இருக்கும்.

இப்ப அவன் உங்களிட்டைக் கேட்டதை நான் தமிழிலை சொன்னனான்தானே? ஒரு சொல்லுக் கூட்டேல்லை, ஒரு சொல்லுக் குறைக்கேல்லை. அதுதான் என்ரை தொழில். தொழிலா இருந்தது. குலவீரசிங்கம் எண்டு பேர். பொலிசுக்கு, கோட்டுக்கு, அகதி விசாரணைக்கு எண்டு பத்தொன்பது வருசம் மொழிபெயர்த்தனான். ஒரு நாள் பிந்திப் போனதில்லை. ஒரு முறைப்பாடு இல்லை.

ஏன் விட்டனானோ? நான் விடேல்லை தம்பி. விட வைச்சவை. சொல்லுறன், நீங்கள் எனக்கு ஒரு தம்பி மாதிரித்தானே, சொல்லுறதிலை என்ன.

ஒரு சொல். ஒரே ஒரு சொல்.

முந்தின வருசம் பங்குனி மாசம். ஜெனீவாவிலை ஐநா கூடுற நேரம். எங்கட சனம் ஐரோப்பா முழுக்க இருந்து, காணாமல் போன பிள்ளையளின்ரை படத்தைத் தூக்கிக்கொண்டு வந்து நிக்கிற நேரம். எனக்குக் காலமை போன் வருது, உடனை வரச்சொல்லி. எல்லையிலை ஒரு கந்தோர் இருக்கு, ரெண்டு நாட்டு ஆக்களும் சேர்ந்து இருக்கிற இடம். ரெயினிலை ரெண்டு பேரைப் பிடிச்சிட்டினம். ஒரு பொம்பிளைப் பிள்ளை, ஒரு பொடியன்.

பிள்ளைக்கு நிரோஜினி எண்டு பேர். ஊர் முள்ளியவளை. முப்பது வயசு வரும். ஜெர்மனியிலை அகதி வழக்குப் போட்டிட்டு முடிவுக்குக் காத்திருந்தவ. அப்பிடி இருக்கிற ஆள் எல்லை தாண்டக் கூடாது. தாண்டினா. ஏனெண்டால் ஜெனீவாவிலை போய்த் தமையன்ரை படத்தைப் பிடிச்சுக்கொண்டு நிக்க வேணுமாம். கலைச்செல்வன் எண்டு தமையன். சண்டை முடிஞ்ச அண்டைக்குக் காலிலை காயத்தோடை ஆமிக்காரர் பஸ்ஸிலை ஏத்திக்கொண்டு போனவை. அதோடை சரி.

பொடியன் சுதாகரன். அதே ஊர், அடுத்த வளவு. பேர்ண் நகரத்திலை ஒரு சாப்பாட்டுக்கடைக் குசினியிலை வேலை. இஞ்சத்தை விசா உள்ளவன். இவவுக்குப் பாதை தெரியாதெண்டு போய்க் கூட்டிக்கொண்டு வந்திருக்கிறான். அவ்வளவுதான். ஆனால் சட்டத்திலை அதுக்கு வேறை பேர் இருக்கு.

இதெல்லாம் எனக்குப் பேந்துதான் தெரியும். அண்டைக்கு அறைக்குள்ளை போகேக்கை எனக்கு ஒண்டும் தெரியாது. தெரியவும் கூடாது. நான் சன்னல் கண்ணாடி. பயிற்சியிலை அப்பிடித்தான் படிப்பிச்சவை. கண்ணாடிக்கு அங்காலை நிக்கிறவனும் இஞ்சாலை நிக்கிறவனும் ஒருத்தரை ஒருத்தர் பாக்க வேணும். கண்ணாடி கதைக்கக் கூடாது.

மேசைக்கு அங்காலை மோசர் எண்டு ஒரு சுவிஸ் அதிகாரி. நல்ல மனுசன், எனக்கு எப்பவும் கை தந்து வணக்கம் சொல்லுவார். அவருக்குப் பக்கத்திலை ஒரு ஜெர்மன்காரி. அவவுக்கு முன்னாலை இந்தப் பிள்ளை அங்கை குடுத்த வாக்குமூலம் முழுக்க இருக்கு. நான் சொன்னன்தானே, கதை முந்தி வந்திடும் எண்டு.

மோசர் கேட்டார், "உங்களை ஆர் கூட்டிக்கொண்டு வந்தது?"

பிள்ளை சொன்னா, "அண்ணா."

நான் சகோதரன் எண்டு சொன்னன். ஜெர்மன் மொழியிலை அண்ணனுக்கும் தம்பிக்கும் ஒரே சொல்லுத்தான். ஆனபடியால் நான் "மூத்த" எண்டதையும் சேத்து, மூத்த சகோதரன் எண்டு சொன்னனான். அவ்வளவு சரியாச் செய்யிறனான் நான். வேறை ஆரும் எண்டால் வெறும் சகோதரன் எண்டு சொல்லிப்போட்டுப் பேசாமல் இருந்திருப்பினம்.

ஜெர்மன்காரி தாளைப் புரட்டினா. மோசருக்குக் காட்டினா. ஒரே ஒரு சகோதரன், அவர் காணாமல் போயிட்டார் எண்டு அங்கை சொல்லியிருக்கிறா. வழக்கே அதுதான். தமையனைத் தேடி ஊர்வலம் போனதாலை தனக்கு ஊரிலை கரைச்சல், இருக்க ஏலாது எண்டு.

ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பாத்திச்சினம். அந்தப் பார்வை எனக்குத் தெரியும். பத்தொன்பது வருசம் பாத்த பார்வை. இனி இந்த ஆள் என்ன சொன்னாலும் எடுபடாது எண்ட பார்வை.

பிள்ளையின்ரை பையுக்குள்ளை தமையன்ரை படம் இருந்தது, மட்டையிலை ஒட்டினது. அதை எடுத்து வைச்சுப் பாத்திச்சினம். மீசை, மெலிஞ்ச முகம். பக்கத்து அறையிலை இருக்கிற சுதாகரனுக்கும் மீசை, மெலிஞ்ச முகம். எங்கட ஆக்கள் எல்லாரும் அவைக்கு ஒரே மாதிரித்தானே.

மோசர் என்னட்டைக் கேட்டார், "ரெண்டு பேருக்கும் குடும்பப் பேர் வேறை வேறையா இருக்கே, அப்பிடி வருமோ?" எங்கட ஆக்களிலை பதிவுக் குழப்பத்தாலை கூடப்பிறந்தவைக்கும் அப்பிடி வாறது உண்டு எண்டு சொன்னன். உண்மைதானே? அவர் என்னைக் கேட்டவர், நான் சொன்னன். கேட்டால் சொல்ல வேணும்.

ஓம், எனக்கு அப்பவே ஒரு சந்தேகம் வந்ததுதான். பிள்ளை அண்ணா எண்டு சொன்ன விதத்திலை. சொந்தத் தமையன் எண்டால் பேச்சு வேறை மாதிரி வரும். ஆனால் அதை ஆரும் என்னட்டைக் கேக்கேல்லை.

பிறகு மோசர் பேனையைக் கீழை வைச்சிட்டு, பிள்ளையை நேர பாத்து ஒண்டு சொன்னார். கவனியுங்கோ, கேக்கேல்லை, சொன்னவர். "அப்ப உங்கட சகோதரன் உயிரோடை இருக்கிறார்."

நான் சொன்னன், "அப்ப உங்கட அண்ணா உயிரோடை இருக்கிறார்."

தம்பி, அந்தப் பிள்ளையின்ரை முகத்தை நீங்கள் பாத்திருக்க வேணும்.

வாயைக் கையாலை பொத்தினா. எழும்பினா. கதிரை பின்னாலை விழுந்தது. "என்ன சொன்னனீங்கள்?" எண்டா. "திருப்பிச் சொல்லுங்கோ, திருப்பிச் சொல்லுங்கோ." நான் திருப்பிச் சொன்னன். அதே சொல்லு.

"எங்கை? எங்கை இருக்கிறார்?"

நான் அதை ஜெர்மனிலை சொன்னன். மோசர் சிரிச்சார். பகிடிச் சிரிப்பு இல்லை, களைச்ச சிரிப்பு. "பக்கத்து அறையிலைதான்" எண்டு சொல்லிப்போட்டு, ஜெர்மன்காரியைப் பாத்து, "நல்லா நடிக்கிறா" எண்டார். அது ஜெர்மன்காரிக்குச் சொன்னது. நான் மொழிபெயர்க்கேல்லை. முதல் பாதியைத்தான் சொன்னன். "பக்கத்து அறையிலை இருக்கிறார்."

"நடக்கிறாரோ? கால் சுகமாயிட்டுதோ?"

ஏன் காலைப் பற்றிக் கேக்கிறா எண்டு மோசர் என்னைப் பாத்தார். நான் கேள்வியை அப்பிடியே சொன்னன், கால் சுகமாயிட்டுதோ எண்டு கேக்கிறா எண்டு. அவர் அதையும் எழுதினார்.

பிள்ளை மேசையைச் சுத்தி வந்து மோசரின்ரை கையைப் பிடிச்சிட்டா. இதை அம்மாவிட்டைச் சொல்ல வேணும், அம்மாவிட்டைச் சொல்ல வேணும் எண்டு ரெண்டு தரம் சொன்னா. ஜெர்மன்காரி எழும்பிக் கதவடிக்குப் போனா. எல்லாருக்கும் படபடப்பு. கடைசியிலை மோசர், சரி, காட்டுவம் எண்டார்.

ரெண்டு அடி தூரம்தான் அந்தக் கதவு. திறந்தவை. சுதாகரன் கடதாசிக் கோப்பையிலை கோப்பி வைச்சுக்கொண்டு இருந்தவன், இவவைக் கண்டு எழும்பினான். "என்ன நிரோஜினி, என்ன நடந்தது?" எண்டான்.

அவ அவனைப் பாக்கேல்லை. அவனுக்குப் பின்னாலை பாத்தா. சுவர் மூலையைப் பாத்தா. அறைக்குள்ளை போய்க் கதவுக்குப் பின்னாலையும் பாத்தா. குனிஞ்சு மேசைக்குக் கீழையும் பாத்தவ தம்பி. பிறகு நிலத்திலை இருந்திட்டா. அழுகை எண்டு சொல்ல ஏலாது. தொண்டைக்குள்ளை இருந்து வேறை ஒரு சத்தம்.

மோசர் எழுதினார். சகோதரனைக் கண்டதும் அழுதா எண்டு.

உங்கட முகத்திலை தெரியுது. அப்பவாவது நீங்கள் வாயைத் திறந்திருக்கலாமே எண்டு. எல்லாரும் அதைத்தான் சொல்லினம். என்ரை மனுசியும் அதைத்தான் சொல்லுறா. சொல்லுறது லேசு. நான் இடையிலை புகுந்து, ஐயா, இவ சொல்லுறது அது இல்லை, இது எண்டு விளக்கம் குடுக்கத் தொடங்கினால், பிறகு எனக்கும் வழக்கறிஞருக்கும் என்ன வித்தியாசம்? நாளைக்கு இன்னொரு பிள்ளைக்கு நான் பிழையான விளக்கம் குடுத்தால்? விதி எண்டு ஒண்டு ஏன் வைச்சிருக்கினம்?

சுதா அண்ணா எண்டு பேரோடை சொல்லியிருந்தால் பிரச்சினையே இல்லை. வெறும் அண்ணா எண்டு சொன்னது ஆற்றை பிழை? அந்நிய நாட்டிலை, பொலிசுக்கு முன்னாலை இருக்கேக்கை, ஆள் அளந்து கதைக்க வேண்டாமோ?

கடைசியிலை வாக்குமூலம் முழுக்க வாசிச்சுக் காட்டினன். அதுவும் என்ரை வேலைதான். விளங்கினதோ எண்டு கேட்டன். தலையாட்டினா. கையெழுத்து வைச்சா. அண்டைக்கே பிள்ளையை எல்லை தாண்டி ஜெர்மன்காரரிட்டைத் திருப்பிக் குடுத்திட்டினம். நான் வீட்டை போய்ச் சோறு திண்டிட்டு, பின்னேரம் இன்னொரு கோட்டு அலுவலுக்குப் போனனான். எனக்கு ஒரு குறையும் தெரியேல்லை.

இஞ்சை எழுதினது அங்கை போகும்தானே. ரெண்டு நாடும் அவ்வளவு ஒற்றுமை. அங்கை வழக்கைத் தள்ளிப்போட்டினம். பொய் சொன்னவ, தமையன் சுவிசிலை உயிரோடை இருக்கிறான் எண்டு. ஊருக்கு அனுப்பிறதுக்குத் தடுப்பிலை போட்டவை. சுதாகரனுக்கு இஞ்சை ஆள்கடத்தல் எண்டு வழக்கு. குசினி வேலையும் போச்சுது. எயார்போட்டுக்குப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டே போயிட்டினமாம் ஒரு நாள். அவ அங்கை மயங்கி விழுந்ததாலை பிளேனிலை ஏத்தேல்லை.

அந்த நேரத்திலைதான் வத்சலா எண்டு ஒரு பொம்பிளை வாறா. அங்கத்தை மொழிபெயர்ப்பாளர். முந்திப் பள்ளிக்கூட ரீச்சராம். வழக்கறிஞரோடை தடுப்பு முகாமுக்குப் போயிருக்கிறா. பிள்ளை அவவிட்டைக் கேட்டிருக்கிறா, "அண்ணாவை எங்கை கொண்டுபோய் வைச்சிருக்கினம் எண்டு கேட்டுச் சொல்லுங்கோ" எண்டு. விளங்குதோ? அதுவரைக்கும் அவ அப்பிடித்தான் நினைச்சுக்கொண்டிருக்கிறா. பக்கத்து அறையிலை இருந்தவரை, கதவு திறக்க முதல் வேறை இடத்துக்கு மாத்திப்போட்டினம் எண்டு. எங்கட ஊரிலை நடக்காததோ அது?

வத்சலா என்ன செய்தா தெரியுமோ? மொழிபெயர்க்கேல்லை. பேனையைக் கீழை வைச்சிட்டு, வழக்கறிஞருக்கு வகுப்பு எடுத்திருக்கிறா. தமிழிலை அண்ணா எண்டால் ஊரிலை மூத்த ஆம்பிளை எல்லாரையும் கூப்பிடுவினம், கடைக்காரனையும் கூப்பிடுவினம், பஸ் ஓட்டுறவனையும் கூப்பிடுவினம் எண்டு. பிறகு ரத்தம் சோதிச்சவை. நிரோஜினிக்கும் சுதாகரனுக்கும் ஒரு சொந்தமும் இல்லை எண்டு வந்தது. அவனை விட்டிட்டினம். அவவின்ரை வழக்கைத் திருப்பி எடுத்து, போன ஐப்பசியிலை விசாவும் குடுத்திட்டினம்.

நல்லது. சந்தோசம். நான் கெட்டவன் இல்லை, எனக்கும் சந்தோசம்தான்.

ஆனால் என்னைக் கூப்பிடுறதை நிப்பாட்டிப்போட்டினம். ஒரு சண்டை இல்லை, ஒரு விசாரணை இல்லை. போன் வாறேல்லை. ஒருநாள் நானே எடுத்தன். புதுசா ஒரு பிள்ளை மரியாதையாச் சொன்னா, உங்கட பேர் இப்ப எங்களிட்டை இல்லை ஐயா எண்டு. வத்சலாவுக்கு ஒரு குறையும் இல்லை. விதியை மீறினவ அவ. அவவை இப்ப ரெண்டு நாட்டுக்காரரும் கூப்பிடுகினமாம்.

மோசரைக் கடைத்தெருவிலை ஒருநாள் கண்டனான். கை தந்தவர். ஆனால் நிக்கேல்லை.

அதுதான் நான் நேர அந்தப் பிள்ளையிட்டைப் போனனான், போன மாசம். என்ரை மனுசி தலையாலை அடிச்சுக்கொண்டா, போகாதேங்கோ, போகாதேங்கோ எண்டு. நான் கேக்கேல்லை. அவ ஒரு வார்த்தை சொன்னால் காணும். இவர் நான் சொன்னதைத்தான் சொன்னவர், கூட்டிக் குறைக்கேல்லை எண்டு அந்தக் கந்தோருக்கு அவ சொன்னால் என்ரை பேர் துடைபட்டுப் போகும்.

எல்லைக்கு அங்காலை ஒரு சின்ன ஊர். வயசு போனவையின்ரை இல்லத்திலை வேலை செய்யிறா. கதவைத் திறந்து என்னைக் கண்டதும் முகம் வெளிறிப் போச்சு. சாத்தப் போறா எண்டுதான் நினைச்சன். சாத்தேல்லை. "உள்ளை வாங்கோ அண்ணா" எண்டா. தேத்தண்ணி போட்டுத் தந்தா. திட்டேல்லை, அழேல்லை. நான் என்ரை அலுவலைச் சொல்ல முதல் தான் ஒண்டு கேட்டா.

"அண்டைக்கு அவை அப்பிடிச் சொன்னது, ஏதும் தெரிஞ்சு சொன்னதோ?"

"என்னது?"

"அண்ணா இருக்கிறார் எண்டது. அந்த ரீச்சர் எல்லாம் விளங்கப்படுத்தினவதான். எனக்கும் விளங்குது. ஆனால் ரெண்டு நாட்டு ஆக்கள் இருந்தவை. அவைக்கு ஏதும் தகவல் இருந்திருக்குமோ?"

இல்லைப் பிள்ளை எண்டன். அது சொல்லாலை வந்தது எண்டன். கோப்பையைத் தட்டிலை வைச்சா. சரி எண்டா.

பிறகு சொன்னா, "எனக்கு விளங்குது. அம்மாவுக்குத்தான் விளங்கேல்லை."

தடுப்பிலை இருக்கேக்கையே தாய்க்குப் போன் எடுத்துச் சொல்லிப்போட்டாவாம், அண்ணா உயிரோடை இருக்கிறார், சுவிசிலை வைச்சிருக்கினம் எண்டு. தாய் அண்டையிலை இருந்து றோட்டுக்கரைக் கொட்டிலுக்குப் போறேல்லையாம். தெரியும்தானே, காணாமல் போனவையின்ரை தாய்மார் வருசக்கணக்கா இருக்கிற கொட்டில். படத்தைக் கழட்டி அலுமாரிக்குள்ளை வைச்சிட்டாவாம். உயிரோடை இருக்கிற பிள்ளைக்கு ஏன் படம் எண்டு. சாதகம் எடுத்துக்கொண்டு போய்ப் பாத்தாவாம், அவனுக்கு எப்ப கலியாணப் பலன் எண்டு. மகள் எத்தினை தரம் சொல்லியும், உன்னைப் பயப்படுத்தி இப்ப மாத்திச் சொல்ல வைக்கினம் எண்டுறாவாம்.

"நீங்கள் எடுத்துச் சொல்லுங்கோ" எண்டா. "அண்டைக்கு அந்தச் சொல்லைச் சொன்னது நீங்கள். உங்கட வாயாலை சொன்னால் அம்மா நம்புவா."

நம்பரைத் தந்தா. என்ரை அலுவலை நான் சொல்லேல்லை. அது சொல்லிற நேரம் இல்லை.

எடுத்தனான் தம்பி. எடுக்கேல்லை எண்டு நினையாதேங்கோ. அடுத்த ஞாயிற்றுக்கிழமை, என்ரை மனுசி கோயிலுக்குப் போன நேரம். என்ன சொல்லுறது எண்டு வடிவா யோசிச்சு வைச்சிட்டுத்தான் எடுத்தன். அம்மா, நான் சுவிசிலை மொழிபெயர்ப்பாளர், அண்டைக்கு நடந்தது இப்பிடி, அண்ணா எண்ட சொல்லைப் பிழையா விளங்கிக்கொண்டினம் எண்டு. மூண்டு வசனம்.

நான் முதல் வசனம் சொன்னன். சுவிஸ், மொழிபெயர்ப்பாளர். அவ்வளவுதான். அந்தத் தாய் பிடிச்சுக்கொண்டா.

"தம்பி, நீங்களே? நீங்கள்தானே அந்த அறைக்குள்ளை இருந்தது? உங்களுக்குக் கோடி புண்ணியம் கிடைக்கும். இஞ்சை ஒருத்தரும் நம்பினமில்லை. கொட்டிலிலை இருந்த சனம் எனக்கு விசர் எண்டு சொல்லுது. மகளும் மாத்திக் கதைக்கிறாள், அவளுக்குப் பயம். நான் எல்லாருக்கும் ஒண்டுதான் சொல்லுறன். ஒரு நாட்டு அரசாங்கம் இல்லை, ரெண்டு நாட்டு அரசாங்கம் சேர்ந்து இருந்து சொல்லியிருக்கு. இல்லாத ஒருத்தனைப் பற்றி ரெண்டு அரசாங்கம் சேர்ந்து கதைக்குமோ, தம்பி?"

நான் ரெண்டாவது வசனத்தை வாயிலை வைச்சுக்கொண்டு நிண்டன்.

அவவுக்குப் பின்னாலை எங்கையோ கோழி ஒண்டு கத்துது. அவ வைக்கேல்லை, மற்ற ரெண்டு வசனமும் சொல்லாமல் நான்தான் போனை வைச்சன்.

அண்டைக்குப் பின்னேரம் நிரோஜினி போனிலை கேட்டா, சொல்லிப்போட்டீங்களோ எண்டு. கதைச்சனான் எண்டு சொன்னன். அதிலை பொய் இல்லை. கதைச்சனான்தானே.

பாசல் வந்திட்டுது, பாருங்கோ. உங்கட பையை எடுங்கோ. கதவடியிலை அந்த ரெண்டு பேரும் நிக்கினம், பயப்பிடாதேங்கோ, என்னோடை வாங்கோ.

ஆனால் ஒண்டு சொல்லுங்கோ. இல்லாதவனைப் பற்றி ரெண்டு அரசாங்கம் கதைக்குமோ எண்டு அந்தத் தாய் சொன்னாவே. அது கேள்வியோ? கேள்வி எண்டால் நான் பதில் சொல்லியிருப்பன் தம்பி. எனக்கு அது கேள்வி மாதிரிக் கேக்கேல்லை.